குன்னூர் பழைய புத்தகக் கடையும் அட்டை கிழிந்த லிங்கனும்

முதலிலேயே சொல்லிவிடுகிறேன், ஐந்துக்கு நாலு நட்சத்திரம். ஒன்றை ஏன் பிடித்துக்கொண்டேன் என்பது பாதிக்கு மேல் வரும். அவசரக்காரர்கள் கடைசிப் பத்திக்குப் போய்விடுங்கள், வழி, நேரம், விலை எல்லாம் அங்கே இருக்கிறது.

சிம்ஸ் பார்க் பார்த்து, வர்க்கியும் டீத்தூளும் வாங்கிக்கொண்டு மேட்டுப்பாளையம் பஸ் ஏறிவிடுகிறவர்களுக்கு இப்படி ஒரு கடை குன்னூரில் இருப்பதே தெரியாது. உள்ளூர்க்காரர்களிலும் பாதிப் பேருக்குத் தெரியாது, எனக்கே கோர்ட்டில் ஒரு டைப்பிஸ்ட் அக்கா சொல்லித்தான் தெரியும். தகரக் கூரை போட்ட ரெண்டு அறை. மழைக்காலத்தில் எங்கள் ஊரில் பெட்டிக்குள் வைத்த செருப்பே பூத்துவிடும், புத்தகம் எம்மாத்திரம்! ஆனால் இங்கே ஒவ்வொரு அலமாரியின் அடித்தட்டிலும் ஒரு குண்டு பல்பு ராப்பகலாக எரிகிறது. கரண்ட் பில்லைப் பற்றிக் கேட்டால் ஐயா சிரிக்கிறார். (டீ ஃபேக்டரி ஆபீஸில் வேலை பார்த்து ரிட்டயர் ஆனவர், எல்லோருக்கும் அவர் ஐயாதான்.) அந்தச் சூட்டினால்தான் இவரிடம் வாங்கும் புத்தகத்தைப் பிரித்தால் தும்மல் வருவதில்லை. ஊட்டியிலும் கோயம்புத்தூரிலும் பழைய புத்தகம் வாங்கி மூக்கு அடைத்துப்போனவன் என்ற முறையில் இதற்கே ஒரு நட்சத்திரம் கொடுத்தாகிவிட்டது.

சரக்கு எங்கிருந்து வருகிறது என்றால், எஸ்டேட் பங்களா காலி செய்யும்போது, வெலிங்டன் பக்கம் குடியிருந்த ரிட்டயர்டு ஆபீசர் வீட்டில் பெரியவர் காலமாகிப் பிள்ளைகள் வெளிநாட்டிலிருந்து வந்து சாமான் ஒழிக்கும்போது, அப்புறம் ஹாஸ்டல் பள்ளிக்கூடங்கள் லைப்ரரியைக் கழிக்கும்போது. அதனால் ரோஜா வளர்ப்பு, ராணுவ வரலாறு, துப்பறியும் நாவல் இந்த மூன்றும் மலைபோல் கிடக்கின்றன. தமிழ்ப் புத்தகம் குறைவுதான், வார இதழ்களிலிருந்து கிழித்துப் பைண்டு செய்த தொடர்கதைகள் கொஞ்சம் உண்டு, அவை வந்த வேகத்தில் போய்விடும்.

இங்கே பிடித்த விஷயம், ஐயா புத்தகத்தை எடுத்து நீட்டும் விதம். உள்ளே போனதும் "என்ன வேணும்?" என்று கேட்க மாட்டார். "என்ன வேலை பாக்கறீங்க தம்பி?" என்பார். வக்கீல் குமாஸ்தா என்றேன். கொஞ்சம் யோசித்துவிட்டு, ஸ்டூலுக்கு அடியில் கிடந்த அட்டையில்லாத ஒரு தடிப் புத்தகத்தை எடுத்துத் துடைத்துக் கையில் கொடுத்தார். அட்டையும் போய், தலைப்பு இருந்த பக்கமும் போய்விட்டது, யார் எழுதியது என்றே தெரியாது. "அட்டையோட இருந்தா நானூறு சொல்லியிருப்பேன், நூத்தம்பது குடுங்க. படிச்சுட்டுத் திருப்பிக் குடுத்தா பாதி." ஆபிரகாம் லிங்கன். ஆனால் ஜனாதிபதி லிங்கன் கிடையாது. 1830ல் இல்லினாய்ஸுக்கு வந்து சேர்ந்த இருபத்தோரு வயதுப் பையனில் ஆரம்பித்து 1860 தேர்தலுக்கு முன்னாலேயே முடிந்துவிடுகிற புத்தகம். போர் இல்லை, சுட்டுக் கொன்றதும் இல்லை. மாநிலச் சட்டசபை உறுப்பினராக நாலு தடவை இருந்ததும், கால் நூற்றாண்டு சின்ன ஊர் கோர்ட்டுகளில் அலைந்ததும்தான் மொத்தப் புத்தகமும்.

நம் ஊரில் லிங்கன் என்றால் என்ன தெரியும்? மரக்குடிசை தெரியும், ஆசிரியர் தினத்துக்குத் தவறாமல் வாசிக்கிற "மகனின் ஆசிரியருக்கு எழுதிய கடிதம்" தெரியும். அந்தக் கடிதத்தை அவர்தான் எழுதினார் என்பதற்கு ஆதாரமே கிடையாது, ஆனாலும் ஃப்ரேம் போட்டு ஹெட்மாஸ்டர் ரூமில் மாட்டி வைத்திருக்கிறோம். அந்த ஃப்ரேமுக்குள் இருக்கும் மனிதரை இந்தப் புத்தகத்தில் தேடினால் கிடைக்க மாட்டார்.

இதில் இருப்பவர் நியூ சேலம் என்ற குக்கிராமத்தில் கூட்டாளியோடு மளிகைக் கடை வைத்து நொடித்துப்போனவர். கூட்டாளி பெர்ரி 1835ல் இறந்துபோக, சுமார் 1,100 டாலர் கடன் இவர் தலையில் விழுந்தது. அதை "தேசியக் கடன்" என்று கிண்டலாகச் சொல்லிக்கொண்டே வருஷக்கணக்கில் அடைத்திருக்கிறார். போஸ்ட் மாஸ்டர் வேலை பார்த்தார், சர்வேயராகச் சங்கிலி பிடித்தார், கடனுக்காக அந்த சர்வே கருவிகளும் குதிரையும் ஏலம் போக, பக்கத்துக்காரர் ஒருவர் ஏலத்தில் எடுத்து இவரிடமே திருப்பிக் கொடுத்திருக்கிறார். 1832ல் முதல் தடவை தேர்தலில் நின்று தோற்றார், ஆனால் சொந்த ஊரில் பதிவான 300 ஓட்டில் 277 இவருக்கு விழுந்தது. 1834ல் ஜெயித்ததும் 200 டாலர் கடன் வாங்கி, அதில் 60 டாலருக்கு சூட் தைத்துக்கொண்டு அன்றைய தலைநகர் வண்டேலியாவுக்குப் போனார்.

சட்டசபைப் பகுதியைத்தான் நான் ரசித்து ரசித்துப் படித்தேன். சாங்கமன் கவுண்டியிலிருந்து (கவுண்டி என்றால் நம் ஜில்லா மாதிரி) வந்த ஒன்பது உறுப்பினர்களும் நெட்டையர்கள், ஒன்பது பேர் உயரத்தையும் கூட்டினால் 54 அடி, அதனால் "நெட்டை ஒன்பது" என்றே பெயர். இவர்களுக்கு ஒரே குறி, தலைநகரை வண்டேலியாவிலிருந்து தங்கள் ஸ்பிரிங்ஃபீல்டுக்குக் கொண்டுவந்துவிட வேண்டும். அதே கூட்டத்தொடரில் ரயில், கால்வாய், சாலை என்று சுமார் ஒரு கோடி டாலர் திட்டம் ஒன்று வந்தது. உன் ஊருக்கு ரயில் வர நான் கை தூக்குகிறேன், என் ஊருக்குத் தலைநகர் வர நீ கை தூக்கு என்று பேரம் நடந்ததாகவே அந்தக் காலத்து எதிர்க்கட்சிக்காரர்கள் சொன்னார்கள். தலைநகர் வந்தது. ரயில் பெரும்பாலும் வரவில்லை, 1837 பொருளாதாரச் சரிவில் திட்டம் படுத்துவிட்டது, சில வருஷத்தில் மாநிலத்துக்கு வட்டி கட்டவே வழியில்லை. லிங்கன் இந்தத் திட்டத்துக்குக் கடைசி வரை வக்காலத்து வாங்கியிருக்கிறார். கூடலூரிலிருந்தும் பந்தலூரிலிருந்தும் ஒரு ஜில்லா கோர்ட் வேலைக்கு மலை ஏறி ஊட்டிக்கு வந்து, சாயங்காலம் கடைசி பஸ்ஸைப் பிடிக்க ஓடுகிற கட்சிக்காரர்களைப் பார்க்கிறவனுக்கு, தலைநகர் எங்கே இருக்க வேண்டும் என்று ஒன்பது பேர் மல்லுக்கு நின்றது அற்பமாகத் தெரியாது. ஆனால் ஊரார் பணத்தில் பேரம் பேசியவர்தான் இவர், அதை மழுப்பாமல் எழுதியிருப்பது இந்தப் புத்தகத்தின் நேர்மை.

தேதிகளைக் கொஞ்சம் கவனியுங்கள். 1837 ஜனவரியில், அடிமை ஒழிப்புச் சங்கங்களைக் கண்டித்து வந்த தீர்மானம் ஒன்றை சபையில் எதிர்த்தவர்கள் ஆறே பேர், அதில் இவர் ஒருவர். ஆனால் அடிமை முறை அநீதியும் மோசமான கொள்கையும் சேர்ந்தது என்று எழுத்தில் பதிவு செய்தது மார்ச் 3ல், கூடக் கையெழுத்துப் போட்டவர் டான் ஸ்டோன் என்ற ஒரே ஒருவர். தலைநகர் ஓட்டு முடிந்தது பிப்ரவரி 28. ஓட்டு கைக்கு வந்து சேர்கிற வரைக்கும் காத்திருந்திருக்கிறார் என்றுதான் எனக்குப் படுகிறது. கோழை என்று இதைச் சொல்ல முடியுமா? 28 வயதுப் பையன், கூட நிற்க ஒரே ஆள், பதிவு செய்யாமலே ஊருக்குப் போயிருந்தாலும் யாரும் கேட்டிருக்க மாட்டார்கள். அந்த எதிர்ப்பிலேயே, ஒழிப்புப் பிரசாரம் தீமையைக் குறைக்காமல் கூட்டத்தான் செய்யும் என்றும் எழுதி வைத்திருக்கிறார். அதையும் சேர்த்தே படிக்க வேண்டும்.

வக்கீல் ஆன கதை எங்கள் ஆபீஸ் ஜூனியர்களுக்கு வயிற்றெரிச்சல். லா காலேஜ் கிடையாது, நுழைவுத் தேர்வு கிடையாது. பள்ளிக்கூடம் போனதே எல்லாம் சேர்த்து ஒரு வருஷம் தேறாது. சக உறுப்பினர் ஜான் ஸ்டூவர்ட் புத்தகம் கடன் கொடுத்தார், இவர் படித்தார். நன்னடத்தை உள்ளவர் என்று கோர்ட்டில் ஒரு பதிவு, 1836 செப்டம்பரில் உரிமம், 1837 மார்ச்சில் பதிவேட்டில் பெயர். ஏப்ரலில் கடன் வாங்கிய குதிரையில் ஸ்பிரிங்ஃபீல்டு வந்து இறங்கி, ஜோஷுவா ஸ்பீடின் கடையில் கட்டிலும் மெத்தையும் விலை கேட்கிறார். 17 டாலர். கையில் இல்லை. மாடியில் என் கட்டிலிலேயே படுத்துக்கொள்ளுங்கள் என்கிறார் ஸ்பீட். இவர் பையைத் தூக்கிக்கொண்டு மேலே போய் வைத்துவிட்டுக் கீழே வந்து, குடிவந்தாச்சு என்கிறார்.

அப்புறம் சர்க்யூட். எட்டாவது நீதி வட்டம், ஒரு காலத்தில் 14 கவுண்டிகள். வசந்தத்தில் ஒரு சுற்று, இலையுதிர்காலத்தில் ஒரு சுற்று, ஒவ்வொன்றும் பத்து வாரத்துக்கு மேல். ஜட்ஜும் வக்கீல்களும் ஒன்றாகவே குதிரையிலும் வண்டியிலும் சேற்றில் போவார்கள், சத்திரத்தில் ஒரே கட்டிலில் ரெண்டு மூணு பேர் படுப்பார்கள். ஜட்ஜ் டேவிட் டேவிஸ் 300 பவுண்டு கனம், அவருக்கு மட்டும் தனிக் கட்டில். பகலில் அவர் முன்னால் எதிரெதிராக நின்று வாதாடியவர்கள் ராத்திரி ஒரே மேஜையில் சாப்பிட்டு, லிங்கன் சொல்லும் கதைக்குச் சிரித்துக்கொண்டிருப்பார்கள். கோத்தகிரி கோர்ட்டுக்குப் போகும்போது எங்கள் சீனியரும் எதிர்தரப்பு வக்கீலும் ஒரே காரில் கட்டபெட்டில் டீ குடித்துவிட்டுப் போவதைப் பார்த்துக் கட்சிக்காரர்கள் சந்தேகப்படுவார்கள், அவர்களிடம் இந்தப் பக்கங்களைக் காட்டலாம்.

ஒரு குமாஸ்தாவாக எனக்கு ரத்தக் கொதிப்பு ஏறிய இடமும் இதில் உண்டு. மனிதர் வழக்குக் கட்டு பராமரித்த லட்சணம்! ஆபீஸ் என்பது அவருடைய உயரத் தொப்பி. கடிதம், குறிப்பு, ரசீது எல்லாம் தொப்பிக்குள். 1850ல் ஒரு வக்கீலுக்கு எழுதிய பதிலில், உங்கள் கடிதத்தைப் பழைய தொப்பிக்குள் வைத்தேன், மறுநாள் புதுத் தொப்பி வாங்கிவிட்டேன், அதோடு உங்கள் கடிதமும் கண்ணில் படாமல் போய்விட்டது என்று காரணம் சொல்லியிருக்கிறார். ஆபீஸில் ஒரு காகிதக் கட்டின் மேல், வேறெங்கும் கிடைக்காவிட்டால் இதில் பார் என்று எழுதி வைத்திருந்தாராம். வக்கீல் தொழில் கூட்டாளி ஹெர்ண்டனும் லேசுப்பட்டவர் இல்லை, ரெண்டு பேரும் ஒருவருக்கொருவர் குறைந்தவர்கள் இல்லை. நான் அந்த ஆபீஸில் இருந்திருந்தால் முதல் வாரத்திலேயே டைரி போட்டு, கட்டுக்கு நம்பர் கொடுத்து, தொப்பியைத் தலைகீழாக உதறியிருப்பேன்.

ஆனால் பணத்தில் சுத்தம். ஹெர்ண்டனோடு வருகிற ஃபீஸ் எல்லாம் சரிபாதி. 1856ல் ஒரு கட்சிக்காரர் பத்திரம் எழுதியதற்கு 25 டாலர் அனுப்ப, இந்த வேலைக்கு 15 போதும் என்று பத்து டாலர் நோட்டைத் திருப்பி அனுப்பினார். அதே ஆள், பெரிய ரயில்வே கம்பெனி ஒன்றுக்கு வரி வழக்கை மாநில உச்ச நீதிமன்றத்தில் ஜெயித்துக் கொடுத்துவிட்டு, அவர்கள் ஃபீஸ் கொடுக்க முரண்டு பிடித்தபோது அவர்கள் மேலேயே வழக்குப் போட்டு 5,000 டாலருக்குத் தீர்ப்பு வாங்கினார். தனி ஆளுக்குத் திருப்பிக் கொடுத்தவர், கம்பெனியிடம் காலணா விடவில்லை. கால் நூற்றாண்டில் 5,000க்கும் மேற்பட்ட வழக்குகள், அதில் பாதிக்கு மேல் கடன் பாக்கி வழக்குதான். நம் முன்சீப் கோர்ட்டில் உட்கார்ந்து பாருங்கள், ப்ரோ நோட்டும் செக்கும்தானே.

கறுப்பர் வழக்குகள் ரெண்டு அடுத்தடுத்த அத்தியாயங்களில் வருகின்றன, அதைப் படித்துவிட்டு இவரை எந்தப் பக்கம் சேர்ப்பது என்று தெரியாமல் உட்கார்ந்திருந்தேன். 1841ல் நான்ஸ் என்ற பெண்ணை விற்றதற்கு எழுதிக் கொடுத்த கடன் பத்திரம் செல்லாது, இல்லினாய்ஸில் அவள் சுதந்திரமானவள் என்று மாநில உச்ச நீதிமன்றத்தில் வாதாடி ஜெயித்தார். 1847ல் கென்டகிக்காரர் ராபர்ட் மாட்சனுக்காக, தப்பி ஓடிய ஜேன் பிரையன்ட்டையும் அவளுடைய பிள்ளைகளையும் திருப்பி ஒப்படைக்கச் சொல்லி ஆஜரானார். நல்லவேளை, தோற்றார், அவர்கள் விடுதலையானார்கள். கட்சிக்காரர் யாராக இருந்தாலும் வக்கீல் வாதாடத்தான் வேண்டும் என்று எங்கள் சீனியர் சொல்வார். அது கடன் வழக்குக்குச் சரி. ஒரு தாயையும் பிள்ளைகளையும் சாமானாக நினைத்து மீட்கிற வழக்கை வேண்டாம் என்று சொல்ல அவருக்கு வாய் இருந்தது, சொல்லவில்லை. புத்தகம் எழுதியவர் இந்த இடத்தில் சாக்குச் சொல்லவில்லை, அதற்காகவே அவருக்கு ஒரு கும்பிடு.

இப்போது அந்த ஒரு நட்சத்திரம். 1858 மே மாதம், பியர்ட்ஸ்டவுன் கோர்ட்டில் டஃப் ஆர்ம்ஸ்ட்ராங் கொலை வழக்கு, லிங்கனின் வக்கீல் வாழ்க்கையிலேயே பிரபலமான வழக்கு. நியூ சேலத்தில் இவரோடு மல்யுத்தம் செய்து பிறகு சிநேகிதனான ஜாக் ஆர்ம்ஸ்ட்ராங்கின் மகன்தான் குற்றவாளிக் கூண்டில். ஜாக் போய்ச் சேர்ந்துவிட்டார், விதவைத் தாய் ஹன்னாவுக்காக ஃபீஸ் இல்லாமல் ஆஜராகிறார். சாட்சி எழுந்து, ராத்திரி பதினோரு மணி, சுமார் 150 அடி தூரம், நிலா வெளிச்சத்தில் நன்றாகப் பார்த்தேன் என்கிறான். லிங்கன் திரும்பத் திரும்ப, நிலா எங்கே இருந்தது, எங்கே இருந்தது என்று அதையே சொல்ல வைக்கிறார். அப்புறம் கொலை நடந்த வருஷத்துப் பஞ்சாங்கத்தைக் கொண்டுவரச் சொல்லி,

அவ்வளவுதான். அதற்கு மேல் எனக்குக் கிடைத்த பிரதியில் தாள் இல்லை! ஒரு கொத்தாகத் தாள்கள் உருவப்பட்டு, அடுத்த பக்கம் வேறெங்கோ ஆரம்பிக்கிறது. ராத்திரி குளிரில் கம்பளிக்குள் உட்கார்ந்து படித்துக்கொண்டிருந்தவனுக்கு எப்படி இருக்கும்? முடிவு எனக்கு வேறு வழியில் தெரிந்தது: அந்த நேரத்தில் நிலா அடிவானத்தில், அஸ்தமனத்துக்குக் கிட்டே. சாட்சி சொன்ன உச்சி நிலா பஞ்சாங்கத்தில் இல்லை, பையன் விடுதலை. ஆனால் குறுக்கு விசாரணையை வரி வரியாகப் படிக்கிற சுகம் போயிற்று. மறுபடி கடைக்குப் போனபோது கேட்டேன். ஐயா புத்தகத்தை வாங்கி, தாள் போன இடத்தை விரலால் தடவிப் பார்த்துவிட்டு, "அட்டையத்தான் பாத்தேன், உள்ள எண்ணலீங்க தம்பி" என்று முழுப் பணத்தையும் மேஜையில் எடுத்து வைத்தார். நான் வாங்கவில்லை, புத்தகம் எனக்கு வேண்டும். பேசிக்கொண்டே அம்பது ரூபாயை மட்டும் என் பாக்கெட்டில் திணித்துவிட்டார். குணம் தங்கம், ஆனால் விற்பதற்கு முன்னால் பக்கம் சரிபார்க்காத பழக்கம் பழக்கம்தான். இதே கடையில் ஒரு துப்பறியும் நாவலில் கடைசி அத்தியாயம் இல்லாமல் வாங்கி வந்த டைப்பிஸ்ட் அக்காவின் வயிற்றெரிச்சலும் சேர்த்துத்தான் அந்த நட்சத்திரம் கழிந்தது.

சில சின்ன விஷயங்கள். ஐயாவுக்கு வரிசைப்படி அடுக்குவதில் நம்பிக்கை கிடையாது, இந்த விஷயத்தில் லிங்கனின் தொப்பிக்கும் இவருடைய அலமாரிக்கும் பெரிய வித்தியாசம் இல்லை, ஆனால் கேட்டால் கண்ணை மூடிக்கொண்டு கை போட்டு எடுப்பார். ஆளில்லாத நேரத்தில் அவருடைய பேத்தி உட்கார்ந்திருப்பாள், பாதி விலைக் கணக்கில் அவள் கறார், ஓரத்தில் பேனாவால் கோடு போட்டிருந்தால் எடுக்க மாட்டாள். லிங்கன் 1842ல் வாள் சண்டைக்கு மிசிசிப்பி தீவு வரைக்கும் போய், சமாதானமாகித் திரும்பிய கதையை அவளிடம் சொன்னேன். பத்திரிகையில் மொட்டைக் கடிதம் எழுதி மாநில ஆடிட்டர் ஜேம்ஸ் ஷீல்ட்ஸைக் கேலி செய்ததில் வந்த வினை அது. "அந்தக் காலத்து ட்ரோல்" என்றாள்.

போகிறவர்களுக்கு: மார்க்கெட்டிலிருந்து மேலே ஏறும் படிக்கட்டில் பாதி வழியில், இடது பக்கம், நீலக் கதவு. போர்டு கிடையாது. வண்டியைக் கீழேயே விட்டுவிடுங்கள். காலை பத்தரைக்குத் திறந்தால் உண்டு, மத்தியானம் சாப்பாட்டுக்கு மூடுவார், சாயங்காலம் பனி இறங்கினால் மணி பார்க்காமல் மூடிவிடுவார். அக்டோபர், நவம்பரில் மலைப்பாதையில் மண் சரிந்தால் சரக்கும் வராது, அப்போது போய்ப் பிரயோஜனம் இல்லை. ஜி பே வாங்குவார், ஆனால் சில்லறை கொண்டுபோனால் ஐந்து பத்து குறையும். சட்டப் புத்தகம் தேடுகிற ஜூனியர்கள் உள் அறையில் ஜன்னலுக்குக் கீழே பாருங்கள், பழைய தீர்ப்புத் தொகுப்புகள் கிலோ கணக்கில் கிடக்கின்றன, கிலோ கணக்கிலேயே கொடுக்கிறார். எதை எடுத்தாலும் பணம் கொடுப்பதற்கு முன்னால் அங்கேயே நின்று பக்க எண்களைப் புரட்டிப் பார்த்துவிடுங்கள், ஐயா கோபித்துக்கொள்ள மாட்டார்.